தடம் பார்ப்பவரின் பெயர் அட்டையில் எங்கே?

குழந்தைகளுக்கான விலங்கு நூல் ஒன்று எங்கள் நூலகத்துக்கு வந்திருந்தது. வழவழப்பான தாள், கண்ணைப் பறிக்கும் அச்சு. புலியைப் பற்றிய பக்கத்தின் மூலையில் அதன் காலடித் தடம் என்று ஒரு படம் போட்டிருந்தார்கள். நான்கு விரல்கள், ஒவ்வொரு விரலுக்கு முன்னாலும் கூர்மையாக ஒரு நகக்குறி. தினத்தந்தி படிக்க வரும் வேட்டைத் தடுப்புக் காவலர் ஒருவர், பையன்கள் விரித்து வைத்திருந்த அந்தப் பக்கத்தை எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "மேடம், இது நாய்க் காலுங்க. புலி நகத்தை உள்ள இழுத்துக்கிட்டு இல்ல நடக்கும்? இதப் படிச்சுட்டுப் பசங்க காட்டுக்குள்ள வந்தா, செந்நாய் போன வழியெல்லாம் புலி போச்சுன்னு சொல்லுவாங்க."

அவர் ஐந்தாம் வகுப்போடு நின்றவர். நூலை எழுதியவருக்கு இரண்டு முதுகலைப் பட்டங்கள் இருப்பதாகப் பின்னட்டை சொன்னது.

பென்னாகரம் வட்டத்தில் காட்டை ஒட்டிய ஓர் ஊர்ப்புற நூலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். எந்தப் புத்தகம் வெளியே போகிறது, எது அடுக்கிலேயே செல்லரிக்கிறது என்பது நூலகருக்குத் தெரிந்த அளவுக்கு விமர்சகருக்குத் தெரியாது. காட்டுயிர் பற்றிய நூல்கள் எங்கள் ஊரில் நன்றாகவே போகும். ஆனால் போனவை எல்லாம் துப்பாக்கி வைத்திருந்தவர்களின் நூல்கள், அல்லது கேமரா வைத்திருந்தவர்களின் நூல்கள். அவர்களுக்கு முன்னால் குனிந்து தரையைப் பார்த்தபடி நடந்தவர் ஒருவர் எப்போதும் உண்டு. அவர் எழுதிய நூல் என்று நான் ஒன்றைக்கூட வரவேட்டில் பதிந்ததில்லை. இந்தக் குறையைத் தமிழில் இப்போது தீர்க்க முடியும், தீர்க்க வேண்டும் என்பதே என் கட்சி.

வேட்டை நூல்களைக் குறை சொல்ல நான் வரவில்லை. ஜிம் கார்பெட்டை விரும்பிப் படிப்பவள் நான். 1944-இல் ஆங்கிலத்தில் வந்த அவருடைய முதல் நூலை தி.ஜ.ர. 'குமாயுன் புலிகள்' என்று தமிழில் தந்தார். இன்றைக்கும் அது வாசிக்கச் சுகமான தமிழ். ஆனால் எங்கள் நூலகத்துப் பிரதியில் கைப்பட்டு அழுக்கேறிய பக்கங்கள் எவை என்று பார்த்தால், எல்லாம் குண்டு பாயும் இடங்கள். கார்பெட் அவற்றை இரண்டு மூன்று வரிகளில் முடித்துவிடுவார். மீதி நூல் முழுக்க மனிதர் நடக்கிறார், குனிகிறார், மண்ணைப் பார்க்கிறார். 436 பேரைக் கொன்றதாகச் சொல்லப்பட்ட சம்பாவத் பெண்புலியை 1907-இல் சுட்ட பிறகும் அதன் வாயைத் திறந்து பார்க்கிறார். வலப்பக்கக் கோரைப் பற்கள் மேலும் கீழும் உடைந்திருக்கின்றன. பழைய துப்பாக்கிக் காயம் அது. காட்டு இரையைப் பிடிக்க முடியாமல் போனதால்தான் அது மனிதரிடம் வந்தது என்று முடிவுக்கு வருகிறார். ருத்ரப்பிரயாகைச் சிறுத்தை விஷயமும் அப்படியே. எட்டு ஆண்டுகளில் 125 பேர் என்பது அரசுக் கணக்கு. 1926 மே மாதம் அதைச் சுடுவதற்குள் அதன் காலடியை எத்தனையோ முறை பார்த்துவிடுகிறார். ஆண், பெரிய உடம்பு, வயசான விலங்கு என்பதெல்லாம் உருவத்தை நன்றாகப் பார்ப்பதற்கு முன்பே தடத்திலிருந்து அவருக்குத் தெரிந்துவிடுகிறது.

இதெல்லாம் அவருக்கு எப்படி வந்தது என்பதற்கு 1953-இல் வந்த 'ஜங்கிள் லோர்' என்ற நூலில் பதில் இருக்கிறது. என் கணக்கில் அவர் எழுதியதில் அதுதான் உயர்ந்தது. சிறுவயதில் காலாதூங்கிக் காட்டுச் சாலையின் புழுதியில் பாம்பு ஊர்ந்த கோட்டைப் பார்த்து, அது எந்தப் பக்கம் போனது, எவ்வளவு பருமன் என்று சொல்லப் பழகியதை எழுதுகிறார். குன்வர் சிங் என்ற கிராமத்து வேட்டைக்காரரிடம் கற்றதையும் மறைக்காமல் சொல்கிறார். குன்வர் சிங் நமக்குத் தெரிவது கார்பெட் சொன்னதால்தான். சொல்லாமல் விடப்பட்ட குன்வர் சிங்குகளை யார் எண்ணுவது?

எங்கள் பக்கத்துக்கு வந்தால் கென்னத் ஆண்டர்சன். பெங்களூர்க்காரர். 1954-இல் முதல் நூல் வந்தது, 1974-இல் இறந்தார். ஜவளகிரி, தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டி, முத்தூர், பென்னாகரம், ஒகேனக்கல் என்று அவர் கதைகள் நடக்கும் இடமெல்லாம் எங்கள் டவுன் பஸ் போகிற ஊர்கள். சிவனிப்பள்ளிக் கருஞ்சிறுத்தைக்கு ஒரு முழு நூலின் தலைப்பே உண்டு. அவர் சொன்னதில் எவ்வளவு நடந்தது, எவ்வளவு கைச்சரக்கு என்று சந்தேகப்படுகிறவர்களும் இருக்கிறார்கள். இருக்கட்டும். எனக்கு அந்த நூல்களில் ஆண்டர்சனைவிட பைராதான் முக்கியம். சின்னாற்றங்கரையில் குழி தோண்டிக் குடும்பத்தோடு அதற்குள் வாழ்ந்தவர், பூசாரி என்று ஆண்டர்சன் குறிப்பிடும் பழங்குடியைச் சேர்ந்தவர், நாட்டுத் துப்பாக்கியோடு திருட்டு வேட்டையாடியவர். காட்டைப் பற்றித் தனக்குத் தெரிந்ததில் பெரும்பங்கு பைரா கற்றுக்கொடுத்தது என்று ஆண்டர்சனே ஒப்புக்கொள்கிறார். அவருக்காக ஓர் அத்தியாயத்தையும் ஒதுக்குகிறார். அது பெருந்தன்மை, மறுக்கவில்லை. ஆனால் பைரா எப்படிப் பார்த்தார் என்பதை பைராவே சொல்லியிருந்தால் அது வேறு நூலாக இருந்திருக்கும். அதில் துப்பாக்கி வெடிக்கும் சத்தம் குறைவாகவும், கல்லுக்கு அடியில் ஈரம் காய்ந்திருக்கிறதா என்ற கவனம் கூடுதலாகவும் இருந்திருக்கும் என்று நினைத்துக்கொள்வேன்.

பழைய கதை என்று தள்ளிவிட முடியாது. செங்கல்பட்டு இருளர்களை எடுத்துக்கொள்ளுங்கள். பாம்புத் தோல் வியாபாரம் சட்டத்தால் நின்று பிழைப்புப் போன பிறகு, 1978-இல் அவர்களுக்கென்று பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் உருவானது. வடநெம்மேலியில் நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்கிலிருந்தும் விஷம் எடுத்துத் தருகிறார்கள். இந்தியாவில் பாம்புக்கடி மருந்து தயாரிக்க அதுவே முக்கிய ஆதாரம். வரப்பில் ஒரு கீறல், வளை வாயில் மண் வழவழப்பாகியிருக்கும் விதம், அங்கே கிடக்கும் எச்சம், இதைவைத்து உள்ளே என்ன பாம்பு, இருக்கிறதா போய்விட்டதா என்று சொல்லிவிடுகிறவர்கள். 2017-இல் அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் பர்மிய மலைப்பாம்பு பெருகி ஒன்றும் செய்ய முடியாமல் தவித்தபோது, இங்கிருந்து வடிவேல் கோபால், மாசி சடையன் இருவரையும் அழைத்துப் போனார்கள். போன சில நாட்களிலேயே ஒரு டஜனுக்கு மேல் பிடித்தார்கள். அதில் ஒன்று 16 அடிப் பெண் பாம்பு. 2023-இல் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. பத்திரிகைகள் எல்லாம் படம் போட்டன. அதோடு சரி. குடியரசுத் தலைவர் கையால் விருது வாங்கியவர்களின் அறிவை, அவர்கள் பெயரிலேயே, முந்நூறு பக்கத்தில் வாங்கி வெளியிட எந்தப் பதிப்பகமாவது அவர்கள் வீட்டுப் படி ஏறியதா? ஏறியிருந்தால் மகிழ்ச்சி; எங்கள் அடுக்குக்கு அது வந்து சேரவில்லை.

தமிழில் காட்டுயிர் எழுத்தே இல்லை என்று சொன்னால் பாவம் சேரும். மா. கிருஷ்ணன் இருந்தார், அ. மாதவையாவின் மகன். காட்டில் அவர் பார்த்ததைப்போலப் பார்த்தவர்கள் குறைவு. ஆனால் அவர் உழைப்பின் பெரும்பகுதி கல்கத்தாவின் 'ஸ்டேட்ஸ்மன்' நாளிதழுக்குப் போயிற்று. 1950-இல் தொடங்கிய பத்தி, 1996-இல் அவர் இறக்கும் நாள்வரை ஆங்கிலத்தில் வந்தது. தமிழில் அவர் எழுதியவற்றைத் தேடி எடுத்து 'மழைக்காலமும் குயிலோசையும்' என்று தொகுத்துக் கொடுத்தவர் தியடோர் பாஸ்கரன். உல்லாஸ் கரந்தின் புலி நூலை 'கானுறை வேங்கை'யாகத் தமிழுக்குக் கொண்டுவந்தவரும் அவரே. நாங்குநேரிக்காரரான ஏ.ஜே.டி. ஜான்சிங், சிவகாசியில் கல்லூரி ஆசிரியராக இருந்தவர், எழுபதுகளில் பந்திப்பூரில் செந்நாய்களின் பின்னால் அலைந்து ஆராய்ந்தவர், கார்பெட் நடந்த பாதைகளையெல்லாம் தானும் நடந்து பார்த்து ஒரு நூல் எழுதினார். அதுவும் ஆங்கிலம். 2024-இல் அவரும் போய்விட்டார். ச. முகமது அலி 'காட்டுயிர்' இதழை நடத்தினார். யானையைப் பற்றி அவர் எழுதிய நூலை எங்கள் ஊரில் வரிசையில் நின்று எடுத்துப்போனார்கள். ஜெயமோகனின் 'யானை டாக்டர்' கதையைப் படித்துவிட்டு அழுத ஆசிரியைகளை எனக்குத் தெரியும். கதைக்கு மூலமான டாக்டர் கிருஷ்ணமூர்த்திக்கு அதனால் ஒரு நிலைத்த பெயர் கிடைத்தது, நல்லது. அவருடன் நின்ற மாவுத்தர்களுக்கும் அவர்களின் உதவியாளர்களான காவடிகளுக்கும்?

இப்போது மறுதரப்பு. தடத்தை அதிகம் நம்பிக் கெட்ட கதை நம் நாட்டிலேயே இருக்கிறது. 1972-இல் முதன்முதலாக நாடு தழுவிப் புலிகளை எண்ணியபோது காலடித் தடத்தை வைத்துத்தான் எண்ணினார்கள். கண்ணாடியை வைத்துத் தடத்தை வரைவது, பாரிஸ் சாந்து ஊற்றி அச்செடுப்பது, பிறகு ஒவ்வொரு புலிக்கும் தடம் தனி என்று பிரித்துக் கூட்டுவது. 1827 என்று விடை வந்தது. முப்பது ஆண்டுக்கு மேல் அதே முறை. ஈர மண்ணில் ஒரு மாதிரி, புழுதியில் வேறு மாதிரி விழும் ஒரே காலை இரண்டு புலியாக்கிவிடலாம். வரைகிறவர் கை நடுங்கினாலும் ஒரு புலி பிறக்கும். உல்லாஸ் கரந்த் போன்றவர்கள் இதைத் திரும்பத் திரும்ப எடுத்துச் சொன்னார்கள். ராஜஸ்தானின் சரிஸ்காவில் ஆண்டுதோறும் கணக்கில் இருந்த புலிகள் 2005-இல் தேடியபோது ஒன்றுகூட இல்லை. கள்ள வேட்டையில் எல்லாம் போயிருந்தன. அதற்குப் பிறகுதான் தானியங்கிக் கேமராவும் வரிகளை ஒப்பிடும் முறையும் நாடு முழுக்க வந்தன. 2006-இல் அப்படி மதிப்பிட்டபோது 1411.

இதைச் சொல்லி, தடம் பார்ப்பது காலாவதியான வித்தை என்று ஒரு வனத்துறை அதிகாரி என்னிடம் வாதாடினார். எனக்குத் தெரிந்து அந்தத் தோல்வி தடத்தின் தோல்வி ஆகாது. தலை எண்ணும் வேலையை அதன் தலையில் கட்டியவர்களின் தோல்வி. ஒரு விலங்கு நேற்று இரவு இந்த இடத்தில் என்ன செய்தது என்று தடம் சொல்லும். இந்த மாநிலத்தில் மொத்தம் எத்தனை என்று அதனிடம் கேட்கக் கூடாது. போகட்டும், கேமராவை எந்த மரத்தில் கட்டுவது என்று முடிவுசெய்வது யார்? பாதையைப் பார்த்து, "இந்த வளைவுல கட்டுங்க சார், இங்கதான் திரும்பும்" என்று சொல்கிற அதே காவலர்தான். பெரும்பாலோர் தற்காலிகப் பணியாளர்கள். அறிக்கை அச்சாகும்போது அவர்கள் நன்றியுரையில் 'களப்பணியாளர்கள்' என்ற ஒரே சொல்லுக்குள் அடங்கிவிடுகிறார்கள்.

தென்னாப்பிரிக்காவில் இதை வேறுவிதமாகச் செய்து பார்த்திருக்கிறார்கள். லூயிஸ் லீபன்பர்க் என்பவர், கலஹாரிப் பாலைவனத்து சான் வேட்டைக்காரர்களோடு நடந்து பழகி, 1990-இல் ஒரு நூல் எழுதினார். தடத்தைப் பார்த்து ஊகிப்பது, ஊகத்தை அடுத்த தடத்தில் சரிபார்ப்பது, பிழையென்றால் கைவிடுவது, இதுவே அறிவியல் சிந்தனையின் பிறப்பிடம் என்பது அவர் வாதம். அத்தோடு விட்டிருந்தால் அவரும் இன்னொரு கார்பெட்தான். எழுதப் படிக்கத் தெரியாத தடம் பார்ப்பவர்களும் பயன்படுத்தும்படி, எழுத்துக்குப் பதில் படங்களைத் தொட்டுப் பதிவு செய்யும் ஒரு கையடக்கக் கருவிக்கான மென்பொருளை உருவாக்கினார். தடம் பார்ப்பதில் தேர்வு வைத்துச் சான்றிதழ் தரும் ஏற்பாடும் வந்தது. காண்டாமிருகங்களைப் பற்றிய ஓர் ஆய்வுக் கட்டுரையில் அவர் பெயரோடு தடம் பார்த்தவர்களின் பெயர்களும் ஆசிரியர்களாக அச்சாயின. நன்றியுரையில் போடவில்லை, தலைப்புக்குக் கீழே போட்டார்கள். நான் கேட்பது இவ்வளவுதான்.

ஊரில் இருந்துகொண்டு பார்க்கும்போது இது அழகியல் விவகாரமாகத் தெரியாது. கேழ்வரகு முற்றும் பருவத்தில் பன்னேர்கட்டா பக்கமிருந்து யானைகள் இறங்கி, தளி, ஓசூர், தேன்கனிக்கோட்டை வரப்புகளில் நிற்கும். பரண் போட்டு ராக்காவல் இருப்பார்கள். விடிந்ததும் பிள்ளைகள் ஒற்றையடிப் பாதையில் பள்ளிக்கூடம் போக வேண்டும். பாதையில் கிடக்கும் லத்தி ராத்திரி போட்டதா, சற்று முன் போட்டதா? காலால் பிளந்து உள்ளே சூடு இருக்கிறதா என்று பார்க்க ஒரு தாய்க்குத் தெரிந்திருக்க வேண்டும். தடத்தின் விளிம்பு கூர்மையாக இருக்கிறதா, அதற்குள் பனி விழுந்திருக்கிறதா, எறும்பு குறுக்கே போயிருக்கிறதா? வட்டமாக இருந்தால் முன்னங்கால், நீள்வட்டமாக இருந்தால் பின்னங்கால். நகம் பதிந்த பக்கம்தான் அது போகிற பக்கம். ஒரே தடமா, சின்னத் தடமும் கூட வருகிறதா? பயிருக்கு வருவதில் ஆண் யானைகளின் பங்கே பெரிது என்று எண்பதுகளில் சத்தியமங்கலம் பக்கம் ஆராய்ந்த ராமன் சுகுமார் எழுதினார். இது எங்கள் ஊர்ப் பெரியவர்களுக்கும் தெரியும்: கூட்டம் என்றால் குட்டியோடு ஒதுங்கிப் போகப் பார்க்கும், ஒற்றை என்றால் வயலுக்கு வந்ததுதான். இது தெரிந்த தலைமுறை வயதாகிக்கொண்டு போகிறது. அவர்கள் பேரப்பிள்ளைகள் ஓசூர் கம்பெனிகளுக்கு ஷிப்ட் போகிறார்கள். எங்கள் காட்டில் 686 சதுர கிலோமீட்டரை 2022-இல் காவிரி தெற்கு வன உயிரினச் சரணாலயம் என்று அறிவித்திருக்கிறார்கள். நிலத்துக்குக் கிடைத்த பாதுகாப்பு அதைப் படிக்கத் தெரிந்தவர்களின் அறிவுக்கு இன்னும் கிடைக்கவில்லை.

இப்படி ஒரு நூல் போட்டால் கள்ள வேட்டைக்காரர்களுக்குப் பாடம் நடத்தியதாகாதா என்று கேட்பார்கள். கேட்டும் விட்டார்கள். கண்ணி வைக்கிறவனுக்குக் கடமான் தடம் தெரியாமலா இருக்கிறது? தெரியாதது நமக்குத்தான். எந்த ஓடையில் எந்தப் புலி தண்ணீர் குடிக்கிறது என்று இடம் குறித்து எழுத வேண்டியதில்லை. காட்டெருமைக் குளம்பு எப்படி இருக்கும், கடமான் குளம்பு எப்படி இருக்கும், முள்ளம்பன்றி போனால் முட்கள் இழுபட்ட கோடு எப்படி விழும், கரடியின் பின்னங்கால் தடத்தை ஏன் மனிதக் காலென்று ஏமாந்துபோகிறோம் என்பதையெல்லாம் சொன்னால் யாருடைய உயிருக்கும் கேடில்லை.

பதிப்பகங்களுக்கும், நூலக ஆணை போடுகிறவர்களுக்கும், வனத்துறைக்கும் சேர்த்துச் சொல்கிறேன். புலி வாயைப் பிளக்கும் அட்டையோடு ஆயிரத்தைந்நூறு ரூபாய்ப் படப்புத்தகங்கள் போதும். எங்கள் ஊரில் அவற்றைக் கண்ணாடி அலமாரியில் வைத்துப் பூட்டுவோம், யாரும் எடுக்க மாட்டார்கள். ஒரு மலைக்கு ஒரு சிறு நூல் வேண்டும். அஞ்செட்டிக்கு ஒன்று, ஆனைமலைக்கு ஒன்று, களக்காட்டுக்கு ஒன்று, முதுமலைக்கு ஒன்று. அந்தந்த மலையின் இருளரோ, காடரோ, காணிக்காரரோ, குறும்பரோ சொல்லச் சொல்ல ஓர் உயிரியல் மாணவர் எழுதட்டும். சந்தேகம் வந்தால் இருவரும் போய்த் தரையைப் பார்த்துக்கொள்ளட்டும். அட்டையில் முதல் பெயர் சொன்னவருடையது, அடுத்தது எழுதியவருடையது. ராயல்டியும் அதே வரிசையில். ஒப்பந்தத்தை அவருக்குப் படித்துக் காட்டிவிட்டுக் கையெழுத்து வாங்க வேண்டும். சட்டைப் பையில் அடங்கும் அளவு, மழையில் நனைந்தாலும் தாங்கும் உறை, நூற்றைம்பது ரூபாய்க்குள் விலை.

படங்கள் நிஜ அளவில் இருப்பது முக்கியம். பிள்ளைகள் கையைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் சிறுத்தைக்கும் புலிக்கும் வித்தியாசம் உறைக்கும். யானைத் தடம் மட்டும் எந்தப் பக்கத்திலும் அடங்காது. அதற்குப் பழைய பஞ்சாங்கத்தில் இருப்பதுபோல ஒரு மடிப்புத் தாள் சேர்க்கலாம். கூடவே ஒரு முழ நூல் கயிறும். முன்னங்கால் தடத்தைக் கயிற்றால் சுற்றி அளந்து இரண்டால் பெருக்கினால் யானையின் தோள் உயரம் ஏறக்குறைய வந்துவிடும் என்பதை ஏழாம் வகுப்புக் கணக்கு வாத்தியாரே சொல்லிக்கொடுத்துவிடுவார். இந்த யோசனையை அந்தக் காவலரிடம் சொன்னபோது அவர் முதலில் கேட்டது விலையையோ ராயல்டியையோ பற்றியல்ல. "ஒரு முழம் பத்தாதுங்க மேடம். கொம்பன் காலுக்கு மூணு முழமாவது வேணும்."